தண்ணி எடுத்தது தண்ணிக்கு

"முடியாது" என்று ஆறு சொல்லிவிட்டது.

கித்தேரி மறுபடியும் கேட்டாள். அவளுக்குப் பின்னால் வலைக்கும் வண்டிக்கும் அனுமதி கேட்க வரிசையில் நின்றவர்கள், காதில் விழாதது போலத் தலையைக் குனிந்துகொண்டார்கள். ஆற்றுமன்றத்தின் கண்ணாடிச் சுவருக்கு அப்பால் யெங்கா ஆறு இக்கரைக்கும் அக்கரைக்குமாக உறைந்து கிடந்தது. கார்த்திகையில் மறைந்த சூரியன் தை பிறந்துதான் தலைகாட்டும். நண்பகல் என்று கடிகாரம் சொன்னால் நம்பிக்கொள்ள வேண்டியதுதான். வெளியே அடுப்புச் சாம்பலைக் கரைத்து ஊற்றியது போல ஒரு வெளிச்சம்.

"சந்தியாகு எம்புருசன். எடுத்துக் கல்லறையில வைக்கணும். ஒரு ஆள் நுழையுத அளவுக்கு ஐஸ வெட்டினா போதும். வேற ஒண்ணும் கேக்கல."

"அவிய வளைவுல, ஆழத்துல கெடக்காவ. பத்திரமா இருக்காவ" என்றது ஆற்றுக்காக மேடையில் இருந்து பேசும் குரலி. "ஆனா தண்ணி எடுத்தது தண்ணிக்கு. அது உனக்குத் தெரியாததா?"

தெரியாததா! அந்த வாக்கியத்தை அதற்குச் சொல்லிக்கொடுத்தவளே அவள்தான்.

புதுக்காயலில் யாரும் யெங்காவைக் கேட்காமல் யெங்காவில் கால் வைப்பதில்லை. ஆற்றின் படுகை முழுக்கப் புளியங்கொட்டை அளவில் உணர்மணிகள் விதைக்கப்பட்டிருந்தன. ஓடுகிற தண்ணீரே அவற்றுக்கு மின்சாரம். குளிர், வண்டல், மீன், பனிக்கட்டியின் கனம் என்று ஆற்றுக்கு நேர்வதையெல்லாம் மணிகள் உணரும். குரலி அதையெல்லாம் கூட்டிப் பார்த்து மனிதப் பேச்சாக்கும். ஆறும் ஓர் ஆள், அதற்கும் உடைமை உண்டு, அதன் சம்மதம் இல்லாமல் அதிலிருந்து எதையும் எடுக்கக்கூடாது என்று நீதிமன்றம் தீர்ப்புச் சொன்ன பிறகு, அந்த ஆளுக்கு ஒரு வாய் தேவைப்பட்டது. செய்து வைத்தார்கள். மேடைக்கு முன்னால் ஆற்றுத் தண்ணீர் வந்து போகும் ஒரு கல்தொட்டி. கேட்க வருகிறவர் அதில் கையை விட வேண்டும். தொட்டிக்குள் கிடக்கும் மணிகள் கையை அறிந்துகொள்ளும். கித்தேரியின் கை அன்றைக்கு விறைத்து நீலமாகிவிட்டது. அவள் எடுக்கவில்லை. பின்னால் நின்ற ஒருவர் வந்து மெதுவாக எடுத்துவிட்டார்.

கடல் ஏறிவந்து தூத்துக்குடிக் கரையை வாரிக்கொண்டபோது கப்பலேற்றி வடக்கே கொண்டுவரப்பட்ட மீன்காரக் குடும்பங்களின் மூன்றாம் தலைமுறை இது. பிழைக்கத் தெரிந்த ஜனம். மரம் ஒன்றுகூட முளைக்காத தூந்திர நிலத்தில் மாதாவுக்குக் கோயில் கட்டினார்கள். புளி கிடைக்காத ஊரில் பாசிக்கு நடுவே பழுக்கும் செம்பழத்தைக் கரைத்து மீன் குழம்பு வைத்தார்கள். குழம்பு சுமார்தான், ஆனால் அதை அவர்களிடம் சொல்லிவிட்டு உயிரோடு வீடு திரும்ப முடியாது.

கித்தேரிக்கு மொழியூட்டி வேலை. மணிகள் உணர்வதற்கு மனிதச் சொல் ஊட்டுகிறவள். பனி 'முறுகுகிறது' என்பதற்கும் 'நெகிழ்கிறது' என்பதற்கும் என்ன வேறுபாடு என்று குரலிக்குச் சொல்லித் தந்து, தவறாகச் சொன்னால் திருத்தி, கழுத்தில் ஒரு கைக்குரலியைத் தொங்கவிட்டுக்கொண்டு கரையெல்லாம் திரிவாள். அதனால் குரலியின் தமிழ் அவளுடைய தமிழாகவே இருந்தது. அதே இழுப்பு, அதே எரிச்சல். தனக்கு இல்லை என்பதைத் தன் வாயாலேயே கேட்பது எப்படி இருக்கும் என்று அன்றைக்குத்தான் அவளுக்குத் தெரிந்தது.

சந்தியாகுவுக்குக் குரலியிடம் கேட்பது பிடிக்காது. "எம்பொண்டாட்டி சொல்லிக்குடுத்தத நான் எம்பொண்டாட்டிகிட்டயே கேட்டுக்கிடுதேன்" என்று மன்றத்திலேயே சொல்லிச் சிரிப்பான். ஆறு தோல் கட்டத் தொடங்கிய நாட்களில், வளைவில் போட்ட வலை பனியில் மாட்டிக்கொண்டது. வளைவு ஆள் தாங்காது என்று குரலி காலையிலேயே அறிவித்திருந்தது. போக வேண்டாம் என்று கித்தேரியும் சொன்னாள். புது வலை, விட்டுவிட மனம் வரவில்லை அவனுக்கு. வாய் வார்த்தை முற்றி, "அப்ப போய்த் தொலைங்க" என்று கதவைச் சாத்தினாள். கணவன் மனைவிக்குள் தினம் நடக்கிற பேச்சுதான். அன்றைக்கு அவன் போய்த் தொலைந்துவிட்டான். பனியின் விளிம்பில் அவனுடைய கம்பளித் தொப்பி மட்டும் கிடந்தது.

அவனைப் பார்க்க வேண்டும். முகத்தைத் துடைத்து, ஒரு வார்த்தை சொல்லி, மண்ணில் வைக்க வேண்டும். சொன்ன வார்த்தையைத் திரும்ப எடுத்துக்கொள்ள அவளுக்கு வேறு வழி இல்லை. அதற்குமேல் அவளுக்கு வாழ்க்கையில் ஒன்றும் வேண்டியிருக்கவில்லை.

அன்று சாயங்காலம் ஊர்த்தலைவர் வியாகுலம் வீட்டுக்கு வந்தார். அவளுக்குச் சித்தப்பா முறை. மனிதர் நல்லவர், ஆனால் ஊர் என்று வந்துவிட்டால் பெற்ற பிள்ளையையும் தராசில் வைப்பார்.

"நீ கேட்டது தப்பில்ல மக்கா. ஆனா இன்னொரு தடவ கேக்காத."

"எம்புருசன நான் கேக்காம யாரு கேப்பா?"

"எடுக்கக்கூடாதுன்னு ஆத்தச் சொல்ல வச்சது நாமதான். அந்தக் கோர்ட்டு வழக்க மறந்துட்டியா?"

அவள் மறக்கவில்லை. வளைவின் அடியில், வண்டலுக்குக் கீழே, மின்கலங்களுக்கு வேண்டிய உலோகம் மண்டிக் கிடந்தது. சுரங்கக்காரர்கள் அதன்மேல் கண் வைத்து, அகழ்வி ஒன்றைக் கொண்டுவந்து படுகையைத் தோண்டப் பார்த்தார்கள். வளைவு அதை விழுங்கிவிட்டது. "எங்கள் இயந்திரத்தை எடுக்க வேண்டும், உள்ளே எங்கள் ஆள் ஒருவனும் இருக்கிறான், அதற்காக வளைவை வற்றச் செய்ய வேண்டும்" என்று வழக்குப் போட்டார்கள். ஆள் இருக்கிறான் என்பது வக்கீல் கதை என்று புதுக்காயல் சிரித்தது. வளைவு ஒருமுறை வற்றினால் செவ்வயிற்று மீன் முட்டையிட இடமிருக்காது. மீன் இல்லையென்றால் ஊர் இல்லை.

நீதிமன்றம் ஆற்றைக் கேட்டது. ஆற்றுக்குச் சொல்லத் தெரியவில்லை. 'என்னுடையது' என்றால் என்ன என்று எந்த ஆற்றுக்குத் தெரியும்? அப்போதுதான் கித்தேரி குரலியிடம் உட்கார்ந்து, தங்கள் கரையின் வழக்கம் ஒன்றைச் சொன்னாள். கடலில் நங்கூரம் போனாலும் சரி, காதுக் கம்மல் போனாலும் சரி, எங்கள் ஆட்கள் தேடிக் குதிக்கமாட்டார்கள். தண்ணி எடுத்தது தண்ணிக்கு என்று சொல்லிச் சிலுவை போட்டுக்கொண்டு தண்டு வலிப்பார்கள். குரலி அதைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டது. வெள்ளைக் கம்பளி போர்த்திய நீதிபதிகள் முன்னால், தூத்துக்குடித் தமிழில், "எனக்குள்ள விழுந்தது எனக்கு. அத எடுக்க யாருக்கும் உரிமை கெடையாது" என்றது. ஜெயித்துவிட்டார்கள். ஊரே விருந்து வைத்தது. அந்த மகிழ்ச்சியில், யெங்காவுக்குத் தண்ணீர் விடும் மேல் ஏரியின் மதகுகளையும் குரலியின் பொறுப்பில் விட்டார்கள். தன் தண்ணீரைத் தானே பார்த்துக்கொள்ளட்டும் என்று.

"உனக்கு ஒரு விலக்குக் குடுத்தா, அவனுவளுக்கும் குடுன்னு நிப்பானுவ" என்றார் வியாகுலம். "ஒரு பொணத்துக்காக ஊரக் குடுக்க முடியுமா, சொல்லு."

"பொணம்னு சொல்லாதீய."

அவர் எழுந்து, தலைப்பாகையை இறக்கிக் காதை மூடிக்கொண்டு போய்விட்டார்.

சுரங்கக்காரர்களின் வக்கீல் சென்னியப்பன் வாரம் தவறாமல் எதிர்க்கரை முகாமிலிருந்து வருவான். கொங்கு நாட்டு ஆள். வழக்கில் தோற்ற பிறகும் அவன் வரவை நிறுத்தவில்லை. எல்லோரையும் போல வரிசையில் நின்று, தொட்டியில் கையை விட்டு, "எங்களுதக் குடுத்துருங்க" என்பான். "முடியாது" என்று குரலி சொல்லும். கையைத் துடைத்துக்கொண்டு போவான். அவனுக்கு 'முடியாதுக்காரன்' என்று பட்டப்பெயரே விழுந்திருந்தது.

இப்போது வரிசையில் கித்தேரிக்கு முன்னால் அல்லது பின்னால் அவன் நின்றான். ஒரு நாள் தேநீர்க் குடுவையை நீட்டினான்.

"சூடா இருக்குதுங்கக்கா. குடிங்க. என்ன இருந்தாலும் நாம ரண்டு பேரும் ஒரே வளைவுலதான பறிகுடுத்திருக்கறம்."

"உங்க இரும்பும் எம்புருசனும் ஒண்ணா?"

"இரும்பு மட்டும் இல்லீங்க. உள்ள இவார்னு ஒரு பையன். அவங்கம்மா மாசாமாசம் கூப்புட்டு அழுவுதுங்க. நாஞ் சொன்னா நீங்க நம்ப மாட்டீங்க."

அவள் நம்பவில்லை. ஆனால் தேநீரைக் குடித்தாள். குளிர் அப்படி.

பனி முறுகி, மழுங்கி, இரும்பானது. மன்றத்தில் வரிசை கலைந்த பிறகு கித்தேரி தனியாக உட்கார்ந்திருக்கப் பழகிக்கொண்டாள். ஒரு நாள் அடக்க மாட்டாமல் குரலியைத் திட்டினாள். பாடையில போறவளே, பாவி, எம்பேச்ச எடுத்து எனக்கே வச்சியே என்று மூச்சு வாங்கும்வரை திட்டினாள். குரலி கடைசிவரை கேட்டது.

"அவிய எனக்கு ஒண்ணும் பிரயோசனம் இல்ல" என்றது பிறகு. "மீனு தொடல. வண்டல் மூடுது. வச்சிருக்கணும்னு ஆசையும் இல்ல."

"அப்ப குடேன்!"

"எப்பிடிக் குடுக்கது? வச்சுக்கிடத்தான் நீ சொல்லித்தந்த. குடுக்கதுக்கு யாரும் சொல்லித்தரலயே."

கித்தேரி அழுகையை நிறுத்தினாள். அது உண்மை. உரிமை என்ற ஒன்றைத்தான் நீதிமன்றங்கள் மதிக்கும் என்று எல்லோரும் அதற்கு உரிமையையே ஊட்டியிருந்தார்கள். சம்மதம், மறுப்பு, எல்லை, சொந்தம். ஒரு கஞ்சனை உருவாக்கி மேடையில் ஏற்றிவைத்துவிட்டு அதை ஆறு என்று கும்பிட்டுக்கொண்டிருந்தார்கள்.

அன்றிலிருந்து அவள் சொல்லித்தரத் தொடங்கினாள். வியாகுலத்திடம் சொல்லவில்லை. மொழியூட்டி ஆற்றோடு பேசுவது வேலைதானே, யார் கேட்கப் போகிறார்கள்?

"எங்க கரையில மீனு எறங்கும்போது ஒரு வழக்கம் உண்டு" என்றாள். "வள்ளம் வந்து மணல்ல ஏறினதும், யாரு வந்து கை நீட்டினாலும் மீனு போடணும். இல்லன்னு சொல்லப்பிடாது."

"யாருன்னு கேக்கமாட்டியளா?"

"கேக்கப்பிடாது."

"என்னத்துக்குன்னு?"

இங்கேதான் கித்தேரி கொஞ்சம் யோசித்தாள். எதற்கு என்று கேட்கும் ஆறு, அவள் ஆசையையும் மீனின் முட்டையையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கும். பார்த்தால் அவள் ஆசை எங்கே நிற்கும்? செத்தவனைப் பார்க்க ஒரு பெண்ணுக்கு என்ன அவசியம் என்று எந்தக் கணக்கில் எழுதுவது?

"அதுவும் கேக்கப்பிடாது" என்றாள். "காரணம் கேட்டுக் குடுத்தா அது தானம் இல்ல, யாவாரம்."

"எவ்வளவு குடுக்கணும்?"

"கேட்டவன் கை நெறைய."

"குடுத்தபெறவு?"

"குடுத்தபெறவு அது நம்மளோடது இல்ல. திருப்பிக் கேக்க முடியாது."

ஆற்றின் அடியிலிருந்து மணிகள் ஒவ்வொன்றாக அதைக் கேட்டுக்கொள்வது போல இருந்தது. "இது நல்லாருக்கு" என்றது கடைசியில். அந்தக் குளிர்காலத்தில் அவள் நெஞ்சு கொஞ்சம் இளகியது அன்றைக்குத்தான்.

ஹாத்னே மட்டும் ஏதோ நடக்கிறது என்று கண்டுகொண்டாள். அந்த நிலத்துக்குப் பழைய சொந்தக்காரர்களான மான்காரர்களில் ஒருத்தி, கித்தேரியின் வயதுதான். வசந்தத்திலும் இலையுதிர்விலும் தன் பனிமான்களை வளைவுக்குக் கீழே நீந்த விட்டுக் கடத்துவாள். சிறுவயதிலிருந்தே கித்தேரியோடு பழகி, தூத்துக்குடித் தமிழைத் தன் மொழியின் இழுப்போடு பேசுவாள்.

"ஏட்டி, முகம் தெளிஞ்சிருக்கு. அந்தப் பெட்டி உனக்கு என்ன குடுக்கேன்னு சொல்லிச்சு?"

"நீயும் ஒருநாள் வந்து உன் கடவுக்கு ஒரு வார்த்த கேட்டு வை ஹாத்னே. நல்லது."

"நாங்க ஆத்துக்கிட்ட ஒண்ணும் கேக்கதில்ல. கடந்து போவோம், அவ்வளவுதான். கேட்டுப் பழக்கிட்டா, அதுக்கும் பதில் சொல்லுத புத்தி வந்துரும்லா." சொல்லிவிட்டு அவள் மூக்கைச் சிந்தினாள்.

சூரியன் திரும்பி வந்தது. மெல்ல மெல்ல இருட்டு என்பதே இல்லாமல் போயிற்று. பனி உடைகிற பருவத்தில் ஊர் முழுக்க ஒரு முனகல் கேட்கும். அப்படி ஆறு முனகத் தொடங்கிய ஒரு காலையில், வரிசையில் எல்லோருக்கும் முன்னால், தனக்கு அடுத்துச் சென்னியப்பன் நிற்க, கித்தேரி தொட்டியில் கையை விட்டாள்.

"எம்புருசனக் குடு."

"தாரேன்" என்றது ஆறு.

மன்றம் திடுக்கிட்டது. வியாகுலம் கூட்டத்தை விலக்கிக்கொண்டு மேடைக்கு ஓடினார். அதற்குள் கித்தேரி வெளியே ஓடிவிட்டாள். அவள் கழுத்துக் கைக்குரலி மட்டும் அமைதியாகச் சொல்லிக்கொண்டே வந்தது: "பையப் போ. சறுக்கும். தண்ணிய ஒதுக்குதேன்."

மேல் ஏரியின் மதகுகள் நகரும் ஓசை மலைக்கு அப்பால் இடி போலக் கேட்டது. உருகி வந்த வெள்ளம் பழைய வாய்க்காலில் திரும்பியது. அந்த வாய்க்கால் மேட்டைத் தாண்டி, வடமேற்கே, யாரும் இல்லாத பாசிவெளி வழியாகக் கடலுக்குப் போவது. யெங்காவின் வளைவில் தண்ணீர் இறங்கத் தொடங்கியது. முதலில் பனிப்பாளங்கள் தரைதட்டிச் சாய்ந்தன. பிறகு கறுத்த சேறு தெரிந்தது. சேற்றில் செவ்வயிற்று மீன்கள் துள்ளின. ஊர்க்காரர்கள் சிலர் கூடையோடு ஓடிவந்து, எரிகிற வீட்டில் பிடுங்கினது லாபம் என்று, கைகளாலேயே வாரினார்கள். சினை நிறைந்த வயிறுகள் அவர்கள் விரல்களில் பிசுபிசுத்தன.

சந்தியாகு ஒரு பாறையின் பக்கத்தில், வலையில் சுற்றிக்கொண்டு, ஒருக்களித்துக் கிடந்தான். குளிர் அவனை அப்படியே வைத்திருந்தது. கித்தேரி முழங்கால்வரை சேற்றில் புதைந்து அவனிடம் போனாள். பாவாடை ஓரத்தால் முகத்தைத் துடைத்தாள். புருவத்தில் மணல் ஒட்டியிருந்தது. அதை விரலால் எடுத்தாள்.

"தொலைங்கன்னு சொன்னது மனசுல இருந்து சொல்லல" என்றாள். குளிர்காலம் முழுக்கச் சுமந்ததை இறக்கிவைத்தாயிற்று. பெரிதாக அழ வேண்டும் என்று நினைத்திருந்தாள். வந்தது ஒரு விம்மல்தான். ஆனாலும் அது போதுமாயிருந்தது. அவனைக் கம்பளியில் கிடத்திக் கரைக்கு இழுத்துவர இரண்டு பேர் கைகொடுத்தார்கள்.

கரையேறித் திரும்பிப் பார்த்தபோதுதான் அகழ்வியைக் கண்டாள்.

வளைவின் நட்டநடுவில், பாதி சேற்றில் புதைந்து, துருவேறி நின்றது அது. எதிர்க்கரையிலிருந்து சுரங்கக்காரர்களின் வண்டிகள் ஏற்கெனவே இறங்கிக்கொண்டிருந்தன. பலகை பாவி, சங்கிலி மாட்டி, ஒருவன் அகழ்வியின் கதவை நெம்பித் திறந்தான். உள்ளேயிருந்து ஒரு பையனை எடுத்தார்கள். மஞ்சள் மேலங்கி. முடி பொன்னிறம். சென்னியப்பன் தன் மேல்கோட்டைக் கழற்றி அவன்மேல் போர்த்திவிட்டு, அங்கேயே சேற்றில் உட்கார்ந்து முகத்தை மூடிக்கொண்டான்.

இவார். வக்கீல் கதை என்று ஊர் சிரித்த இவார். அவனை அவன் தாயிடம் கொடுக்கவிடாமல் மூன்று வருடம் பிடித்துவைத்த வாக்கியம் யாருடையது என்று கித்தேரிக்கு யாரும் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

வியாகுலம் மூச்சிரைக்க வந்து சேர்ந்தார். "தண்ணியத் திருப்பச் சொல்லு! கித்தேரி, உன் ஆளு கெடச்சாச்சுல்லா, தண்ணியத் திருப்பச் சொல்லு!"

அவள் கைக்குரலியைத் தூக்கிப் பிடித்தாள். "போதும். தண்ணிய விடு."

"என்கிட்ட இல்லயே" என்றது ஆறு.

"என்னது இல்ல?"

"மதகு. உனக்குப் பின்னால நின்ன வக்கீலு கை நீட்டினாவ. எங்க இரும்பக் குடு, பையனக் குடு, அது கெடக்க எடத்தக் குடு, நாங்க வேல முடிக்கவரைக்கும் மதகக் குடுன்னாவ. குடுத்துட்டேன்."

"அவன் யாரு, என்னத்துக்குக் கேக்கான்னு நீ..."

"கேக்கப்பிடாதுன்னு நீதான சொன்ன."

வியாகுலம் அவளை ஏறிட்டுப் பார்த்தார். திட்டுவார் என்று நினைத்தாள். அவர் திட்டவில்லை, தளர்ந்துபோய் ஒரு பனிப்பாளத்தின்மேல் உட்கார்ந்தார். "இம்புட்டுச் சொல்லிக்குடுத்தியே மக்கா. பாத்திரமறிஞ்சு பிச்ச போடுன்னு ஒரு வார்த்த சேத்துச் சொல்லியிருக்கப்பிடாதா?"

சென்னியப்பன் எழுந்து வந்தான். கண்கள் சிவந்திருந்தன. அவன் குரலில் வெற்றி எதுவும் இல்லை. அதுதான் கித்தேரிக்கு இன்னும் பயமாக இருந்தது.

"தம்பி, மதகத் திறந்துவிடும்" என்றார் வியாகுலம். "ஆள எடுத்தாச்சு. இரும்பையும் எடுத்துக்கிட்டுப் போவும். நாங்க கேக்குதோம். ஊரே கேக்குது."

"எனக்குங் கஷ்டமாத்தான் இருக்குதுங்க பெரியவரே. ஆனா அது எங்கையில இல்லீங்க. முகாமுக்குத் தகவல் போயிருச்சு. நாளைக்குத் தோண்ட ஆளு வருது. நீங்க கோர்ட்டுல ஜெயிச்ச அதே ஞாயந்தானுங்க: அவங்கவங்க கிட்ட வந்தது அவங்கவங்களுக்கு."

மலைச் சரிவில் மணிச்சத்தம் கேட்டது. ஹாத்னேயின் மந்தை இறங்கி வந்துகொண்டிருந்தது. முன்னால் வந்த மான்கள் கரையில் நின்று, இல்லாத தண்ணீரை மோந்து பார்த்தன. ஒன்று சேற்றில் கால் வைத்தது, தொடைவரை இறங்கியது, உதறிக்கொண்டு பின்வாங்கியது. நீந்திக் கடக்கலாம், சேற்றைக் கடக்க முடியாது. குட்டி போடும் மேய்ச்சல் நிலம் அக்கரையில் இருந்தது.

ஹாத்னே வளைவைப் பார்த்தாள். வண்டிகளைப் பார்த்தாள். கம்பளியில் கிடந்த சந்தியாகுவைப் பார்த்துத் தன் தொப்பியைக் கழற்றினாள்.

"உனக்குக் கெடச்சிட்டு" என்றாள். "அவனுவளுக்கும் கெடச்சிட்டு. நாங்க கேக்கல, அதனால எங்களுக்கு ஒண்ணுமில்ல. சரிதான்."

அவள் மந்தையைத் திருப்பிக்கொண்டு மேல்நோக்கி நடந்தாள். கித்தேரி கூப்பிட்டாள். அவள் திரும்பவில்லை.

படுகை காய்ந்துகொண்டு வந்தது. தண்ணீர் ஓடாத இடத்தில் உணர்மணிகளுக்கு மின்சாரம் இல்லை. ஒவ்வொன்றாக அவை அணைய, கைக்குரலியின் பேச்சில் இடையிடையே சொற்கள் உதிரத் தொடங்கின. கித்தேரி பழக்கப்படுத்திய சொற்கள். முறுகல் போயிற்று. நெகிழ்வு போயிற்று. மீன்களின் பெயர்கள் போயின.

"கித்தேரி."

"ம்."

"எனக்கு இப்ப ஒண்ணுமில்ல. குளுருது. இதுக்குப் பேரு குளிரா? வேற என்னமோ." கொஞ்ச நேரம் இரைச்சல். "கை நீட்டினா இல்லன்னு சொல்லப்பிடாதுன்னு சொன்னேல்லா. நான் நீட்டலாமா?"

கரையில் நின்ற எல்லோருக்கும் அது கேட்டது. மீன் கூடைகளைச் சுமந்திருந்தவர்கள் கூடையை இறக்கவில்லை. வியாகுலம் தரையைப் பார்த்தார். சென்னியப்பன் சங்கிலி மாட்டுகிறவர்களை நோக்கி நடந்தான்.

"நீ குடுப்பியா?" என்றது ஆறு.

அதனிடமிருந்து வாங்கியதில் அவளிடம் இருந்தது ஒரே ஒரு ஆள். கித்தேரி குனிந்து, கம்பளியின் ஓரத்தை இழுத்துச் சந்தியாகுவின் முகத்தை மூடினாள். கழுத்திலிருந்த கைக்குரலியைக் கழற்றிச் சேற்றில் வைத்தாள்.

"கல்லறைக்குத் தூக்குங்க" என்றாள், பக்கத்தில் நின்றவர்களிடம்.